நாலு கழகம், நாலு கிண்ணம்

கேள்வி: என் பெறாமகன் வருஷத்துக்கொரு கழகம் மாறி உதைபந்தாடுகிறான். "ஒரு இடத்தில் நில்லாதவன் உருப்படமாட்டான்" என்று சனம் சொல்லுது. மெய்யா?
- ஒரு வாசகர், வற்றாப்பளை.

பதில்: மார்ட்டின் பைக் இதைக் கேட்டால் சிரிப்பார். அவர் அவுஸ்திரேலிய உதைபந்தாட்டக்காரர். (முட்டை வடிவப் பந்து, பக்கத்துக்கு 18 பேர். ஓவ்சைட் கிடையாது, நடுவரைத் திட்ட ஒரு காரணம் குறைவு.) 1993இல் மெல்பேர்ண் கழகத்தில் தொடங்கினார். இரண்டு பருவத்தில் அனுப்பிவிட்டார்கள். அடுத்துப் போனது ஃபிற்ஸ்றோய்க்கு. இழவு வீட்டுக்கு மாப்பிள்ளையாகப் போன கதை. 1996இல் அந்தக் கழகம் 22 ஆட்டத்தில் வென்றது ஒன்றே ஒன்று. அந்த வருஷம் கழகத்தின் சிறந்த வீரர் விருது பைக்குக்கு. விருதைக் கொடுத்த கையோடு கழகமே பிறிஸ்பேன் பெயார்ஸோடு இணைந்து காணாமல் போனது. பிறகு நோர்த் மெல்பேர்ண், 1999இல் கிண்ணம். 2000 முடிவில் அங்கும் கணக்கை முடித்துவிட்டார்கள். பிறிஸ்பேன் லயன்ஸ் எடுத்தது; 2001, 2002, 2003 என்று தொடர்ந்து மூன்று கிண்ணம். விட்டவர்களுக்கு வயிறு எரிந்திருக்காதா?

மதுரையை எரித்த கண்ணகியே வழியில் பல இடம் தங்கி, பத்தாவதாகத்தான் உங்கள் ஊரில் அமர்ந்தாள் என்பது ஐதீகம். அவளை நிலையில்லாதவள் என்று சொல்ல அந்தச் சனத்துக்குத் துணிவுண்டா, அதுவும் வைகாசிப் பொங்கல் நேரத்தில்? பெறாமகன் ஆடட்டும். பழைய கழகத்தின் சப்பாத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டானா என்று மட்டும் விசாரியுங்கள்.