துண்டோடு வருகிறவர்

1895இல் லூமியேர் சகோதரர்கள் ஊமைப்படம் ஒன்று எடுத்தார்கள். ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரர் செடிகளுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த பொடியன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நிற்கிறது. என்ன சங்கதி என்று அவர் குழாய் வாய்க்குள் எட்டிப் பார்க்க, பொடியன் காலை எடுக்கிறான். முகத்துக்கு அபிஷேகம்! ஓடுகிறவனைப் பிடித்து, கேமராவுக்கு எதிரிலேயே இழுத்துவந்து நாலு சாத்து சாத்துகிறார். உலகின் முதல் சிரிப்புப் படங்களில் ஒன்று அது.

லூமியேர்களின் லியோன் நகரமும் காஞ்சிபுரம் போலப் பட்டுக்குப் பேர்போனது. அந்த ராசியோ என்னவோ, காஞ்சிபுரத்துக்குப் பக்கத்திலிருக்கும் எங்கள் மாகறலிலும் குழாய் மிதிக்கிறவர் ஒருவர் உண்டு. மிதியார் என்று வைத்துக்கொள்வோம். நாற்பது வருஷமாக மிதிக்கிறார். இன்னும் ஓர் அடிகூட வாங்கவில்லை.

தறிக்காரர் கோர்வைப் புடவையில் மும்முரமாக இருப்பார். எதிர்ப்பக்கம் நாடா தள்ளப் பையன். மிதியார் திண்ணையில் உட்கார்ந்து, "பக்கத்துத் தறிக்குக் கூலி ஏத்திட்டாங்களாமே, உங்ககிட்ட சொல்லலையாண்ணே?" என்பார். அவ்வளவுதான். தறி நின்றுவிடும். அண்ணன் நேரே முதலாளி வீட்டுக்குப் போய் நியாயம் கேட்பார். அங்கே பழைய முன்பணக் கணக்கு மொத்தமும் அவர் முகத்தில் பீய்ச்சி அடிக்கும்.

ஏன் இப்படி என்று நான் கேட்டால் மிதியார் தலபுராணத்தைக் காட்டுவார். மாகறல் கோயில் பலா மரம் தினம் ஒரு பழம் தருமாம். சோழ ராஜாவின் உத்தரவுப்படி, வீட்டுக்கு ஒருவர் முறைபோட்டுச் சிதம்பரத்துக்குச் சுமந்து போகவேண்டுமாம். முறை வந்த ஒரு பையன் மரத்தையே கொளுத்திவிட்டான். ராஜா அவனை நாடு கடத்தினார். "மூளைக்காரப் பையன்தான். ஆனா மாட்டிக்கிட்டானே!" என்று மிதியார் உச்சுக்கொட்டுவார்.

இவர் மாட்டமாட்டார். படத்துப் பொடியன் செய்த தப்பு, காலை எடுத்ததும் ஓடியது. மிதியார் ஓடுவதே இல்லை. சாயங்காலம் முகம் தொங்க வருகிற தறிக்காரரை, தோள்துண்டை உதறிக்கொண்டு முதலில் எதிர்கொள்பவர் அவர்தான்.

"யாருண்ணே உங்ககிட்ட இதையெல்லாம் சொன்னது?"

அண்ணன் யோசித்துப் பார்ப்பார். பிடிபடாது. மிதியாருக்கும் சேர்த்து ஒரு டீ சொல்வார்.