மடி சங்கீத மாமா

மார்கழி சீசனில் எந்த சபாவிலும் மூன்றாவது வரிசை ஓரத்து நாற்காலி இவருடையது. பாதியில் எழுந்து போக வசதி. மேடையில் கீபோர்டோ லேப்டாப்போ தென்பட்டால் போதும், ஆலாபனைக்குக்கூடக் காத்திராமல் கேன்டீன் பக்கம் நடையைக் கட்டிவிடுவார். அங்கே கீரை வடையைப் பிட்டபடி, "கரண்ட்ல ஓடறதெல்லாம் சங்கீதமா ஓய்?" என்று பக்கத்தில் இருப்பவரை மடக்குவார். மடி சங்கீத மாமா என்று இவருக்குப் பெயர் வைக்கலாம். மின்சாரம் பட்டால் சங்கீதத்துக்குத் தீட்டு என்பது இவர் சித்தாந்தம். ஆனால் இவர் மெச்சும் கச்சேரிகளில் பின்னால் ரீங்கரிப்பது பெரும்பாலும் எலக்ட்ரானிக் தம்பூராதான். வித்வானின் குரல் இவர் காதுக்கு வருவதும் மைக், ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கர் என்று மூன்று படி தாண்டித்தான். பேத்தியின் நாட்டிய நிகழ்ச்சியில் நட்டுவாங்கமும் வாய்ப்பாட்டும் பென் டிரைவிலிருந்து புறப்பட்டு வரும்போது மட்டும் தீட்டுக்குப் பரிகாரம் கேட்பதில்லை.

"அதெல்லாம் எடுபிடி. சங்கீதத்துக்குள்ள கை வைக்கலையே!" என்பார். நியாயம் போலத்தான் இருக்கிறது. ஆனால் மைக் நன்றாகவே கை வைத்திருக்கிறது. ஒலிபெருக்கி இல்லாத காலத்தில் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டுமென்றால் நாலு கட்டை, ஐந்து கட்டை சுருதியில் தொண்டையைத் திறந்து பாடியாக வேண்டும். மைக் வந்தபின் ஆண் குரல்களின் கட்டை இறங்கியது; காதோடு சொல்வது போன்ற சங்கதிக்கும் மேடை கிடைத்தது. மாமா கண்மூடி உருகும் அந்த மந்த்ர ஸ்தாயி சௌக்கியத்தில் பாதி மின்வாரியத்தின் கொடை. மின்சாரம் இருக்கட்டும், அந்நியம் என்று பார்த்தாலும் வயலினே கப்பலேறி வந்ததுதான். பாலுஸ்வாமி தீட்சிதர் அதை 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கையில் எடுத்தார். அவருடைய அண்ணன் முத்துஸ்வாமி தீட்சிதர் ஐரோப்பிய மெட்டுகளுக்கு சமஸ்கிருத சாகித்யம் கட்டினார். அதற்கு நோட்டு ஸ்வரம் என்று பெயர் விழுந்துவிட்டதால் ஃப்யூஷன் என்று சொல்லக் கூடாது.

மாமாவை அசைக்க முடியாத இடம் ஒன்று உண்டு: கமகம். தோடியின் காந்தாரம் ஒரு புள்ளியில் நின்று கொடுக்காது. கட்டைக்கு ஒரு ஸ்வரம் என்று ஆணியடித்த கீபோர்டில் அது நொண்டும். டிரம் லூப்பின் மேல் நாலு கை ஆலாபனையைத் தூவி ஃப்யூஷன் என்று பரிமாறினால், மாமா எழுந்து போவதில் தப்பே இல்லை. ஆனால் அதற்குக் கரண்ட்டைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவானேன்? இரட்டைத் தந்திகளைக் கழற்றி ஒற்றைத் தந்திகள் பூட்டிய எலக்ட்ரிக் மாண்டலினில்தான் ஸ்ரீநிவாஸ் கமகத்தைப் பேச வைத்தார். மீட்டிய நாதம் சட்டென்று அடங்கிவிடும் பழைய மாண்டலினில் அத்தனை நீளப் பிடிகள் வாய்த்திருக்காது. பம்பாயில் சரண்ஜித் சிங் 1982இல் பத்து ராகங்களை டிஸ்கோ தாளத்தோடு சின்தசைசரில் வாசித்து இசைத்தட்டாக்கினார். அவர் பயன்படுத்திய ரோலண்ட் டிபி-303 கருவியில் ஸ்வரத்திலிருந்து ஸ்வரத்துக்கு வழுக்கிச் செல்லும் வசதி உண்டு. அன்று சீந்துவாரில்லை, 2010இல் மறுபடி வெளியானபோது ஐரோப்பியர்கள் கொண்டாடினார்கள். வெள்ளைக்காரனே தலையாட்டிவிட்டான் என்று எடுத்துச் சொன்னால் மாமா ஒருவேளை இளகக்கூடும்.

எது எப்படியோ, கட்சியை அவர் விடப்போவதில்லை. பிரதான ராகம் விரியும் நேரத்தில் கரண்ட் போனால், "ஜெனரேட்டரைப் போடுங்கோளேன்!" என்று இருட்டிலிருந்து எழும் முதல் குரல் மூன்றாவது வரிசை ஓரத்திலிருந்துதான் வரும்.