வைஸ்ராய் மேயரான கதை

கேள்வி: உயர்ந்த அரசுப் பதவியில் இருந்து ஓய்வு பெற்றவன் நான். பேரூராட்சி கவுன்சிலர் தேர்தலில் நிற்க ஆசை. 'அவ்வளவு பெரிய நாற்காலியில் உட்கார்ந்துவிட்டு, இப்போது சாக்கடை அடைப்பைப் பார்க்கப் போகிறீர்களா?' என்று வீட்டில் தடுக்கிறார்கள். (ஆரணி)

பதில்: வீட்டில் ரிப்பன் பிரபுவின் கதையைச் சொல்லுங்கள். இங்கிலாந்தில் அப்பா பிரதமராக இருந்தபோது, 1827-ல், டவுனிங் தெரு 10-ஆம் எண் வீட்டிலேயே பிறந்தவர். யார்க்‌ஷயரில் ஸ்டட்லி ராயல் என்ற பெரும் பண்ணைக்கு உடைமையாளர். 1880 முதல் 1884 வரை இந்தியாவின் வைஸ்ராய். அப்போதைய கணக்கெடுப்பில் இங்கே 25 கோடி மக்கள். ஊர் திரும்பி மந்திரியாகவும் இருந்தார். 1895-ல் மந்திரி பதவி போனது. அதே ஆண்டு, பண்ணைக்குப் பக்கத்தில் இருக்கும் ரிப்பன் என்ற சிறு நகரத்துக்கு மேயரானார். அப்போது வயது 68. நீங்கள் தாராளமாக நில்லுங்கள்!

கேள்வி: பரம்பரைப் பணக்காரருக்கு ஊர்ச் சபையில் அப்படி என்ன அக்கறை? (பொன்னேரி)

பதில்: அந்த அக்கறை இளமையிலேயே வந்தது. கிறிஸ்தவ சோஷலிஸ்டுகளோடு சேர்ந்து, 25 வயதுக்குள் ஜனநாயகத்தை ஆதரித்துச் சிறு நூல் ஒன்றை எழுதினார். அதன் வேகத்தைப் பார்த்து மிரண்ட தோழர்களே அதை வெளியே விடாமல் நிறுத்திவிட்டார்கள்.

அந்த வேகம் இந்தியாவில்தான் பலித்தது. 1882 மே 18-ஆம் தேதி அவர் கொண்டுவந்த தீர்மானம் நம் உள்ளாட்சிக்கு அடிக்கல். நகராட்சிகளிலும் தாலுகா அளவிலான சபைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு உறுப்பினர்கள் அதிகாரிகள் அல்லாதவர்களாக இருக்கவேண்டும். முடிந்த இடத்தில் அவர்களைத் தேர்ந்தெடுக்கவேண்டும். தலைவர் நாற்காலியும் கூடியமட்டும் அவர்களுக்கே. அதிகாரி வெளியே நின்று மேற்பார்த்தால் போதும். 'நிர்வாகம் கெட்டுவிடும்' என்று அதிகாரிகள் பதறினார்கள். ரிப்பனின் விடையை நான் பெரிதும் மதிக்கிறேன். நிர்வாகம் உடனே சிறந்துவிடும் என்பதற்காக இதைச் செய்யவில்லை, மக்கள் அரசியல் பழகுவதற்காகச் செய்கிறேன் என்றார். ஆரம்பத்தில் தவறுகள் நேரும் என்பதையும் மறைக்கவில்லை. ஆட்சியில் இருப்பவர் வாயிலிருந்து இன்றைக்கும் இந்தப் பேச்சு சுலபத்தில் வருவதில்லை.

சென்னை மாகாணத்தில் 1884-ல் உள்ளாட்சிச் சட்டம் வந்தது. ஆனால் ஜில்லா போர்டுக்கு வெகுகாலம் கலெக்டரே தலைவர். ரிப்பன் கேட்டதில் பாதிகூட கிடைக்கவில்லை என்பேன்.

கேள்வி: உத்திரமேரூர் குடவோலை நம்மிடம் இருக்கும்போது வெள்ளைக்காரரைப் புகழ்வானேன்? (பெரியபாளையம்)

பதில்: குடவோலை நமக்குப் பெருமை, சந்தேகமில்லை. முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டை ஒருமுறை நேரில் போய்ப் பாருங்கள். ஓலையில் பெயர் எழுதப்பட, வரி கட்டும் நிலம் கால் வேலிக்கு மேல் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வயது 35-க்கு மேல், 70-க்குள். ரிப்பன் காலத்திலும் சொத்தோ வரியோ உள்ளவருக்குத்தான் ஓட்டு. கும்மிடிப்பூண்டியில் வாடகை வீட்டில் இருந்துகொண்டு சிப்காட் வேலைக்குப் போகும் பெண்ணுக்கு இரண்டு காலத்திலும் சபையில் இடமில்லை. இன்று அவர் 21 வயதில் வேட்பாளராகலாம். தமிழ்நாட்டு உள்ளாட்சிகளில் பாதி இடம் பெண்களுக்கு என்று 2016-லேயே சட்டம் ஆகிவிட்டது. பரம்பரை நிலமும் பட்டமும் உள்ளவர்கள் திறந்த கதவுக்குள், நிலமே இல்லாதவர் நுழைந்து தலைவராக உட்கார்வதுதான் எனக்குப் பெரிய செய்தி.

கேள்வி: ரிப்பன் மாளிகையை அவர்தான் கட்டினாரா? (மீஞ்சூர்)

பதில்: இல்லை. அவர் 1909-ல் காலமானார். மாளிகை திறந்தது 1913-ல். கட்டியவர் லோகநாத முதலியார். 'ரிப்பன் எங்கள் அப்பன்' என்று சென்னை மக்கள் கொண்டாடியவர் பெயரை மாநகராட்சி மாளிகைக்குச் சூட்டியது பொருத்தம்தானே!

கேள்வி: தொழிலாளிக்கு அவர் ஏதாவது செய்தாரா? (கும்மிடிப்பூண்டி)

பதில்: இந்தியாவின் முதல் தொழிற்சாலைச் சட்டம் 1881-ல் அவர் காலத்தில்தான் வந்தது. ஏழு வயதுக்குக் கீழ்ப்பட்ட குழந்தைகளை வேலைக்கு வைக்கக்கூடாது. ஏழிலிருந்து பன்னிரண்டு வரை நாளுக்கு 9 மணி நேரத்துக்கு மேல் கூடாது. அதுவும் நூறு பேருக்குக் குறையாத ஆலைகளில் மட்டும். பெரியவர்களுடைய வேலை நேரத்தைச் சட்டம் தொடவே இல்லை. மிகவும் குறைவுதான். ஏழு வயதுப் பிள்ளை ஒன்பது மணி நேரம் நிற்பதைச் சலுகை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இன்னொன்றும் சொல்லவேண்டும். உங்கள் ஊரில் வருஷக்கணக்காகத் தங்கி உழைக்கும் எத்தனையோ பேருக்கு ஓட்டு இன்னும் சொந்த ஊரில் இருக்கிறது. குடிதண்ணீர், தெருவிளக்கு, குப்பை எல்லாம் இங்கே; கேட்கும் உரிமை மட்டும் அங்கே. நிரந்தரமாக இங்கேதான் இருக்கப்போகிறீர்கள் என்றால் படிவம் 8 நிரப்பிக் கொடுத்து, பெயரை இந்த ஊர்ப் பட்டியலுக்கு மாற்றிக்கொள்ளுங்கள். உள்ளாட்சித் தேர்தலுக்கும் சட்டமன்ற வாக்காளர் பட்டியலைத்தான் வைத்துக்கொள்கிறார்கள். பக்கத்து அறையில் தங்கியிருப்பவருக்கும் சொல்லுங்கள்.