அல்வா வாங்கித் தரும் அண்ணாச்சி

வெளியூரிலிருந்து வந்தவரைக் கடை கடையாகக் கூட்டிக்கொண்டு போய்ச் சாப்பிட வைப்பவருக்குத் திருநெல்வேலியில் தனிப் பெயர் எதுவும் கிடையாது. அவரும் அண்ணாச்சிதான். மளிகைக் கடைக்காரர், ஆட்டோ ஓட்டுபவர், முன்பின் தெரியாதவர் எல்லாருமே அண்ணாச்சி என்றிருக்கும் ஊரில் இவரை இனம் பிரித்துக் காட்டுவதற்காகச் சாப்பாட்டு அண்ணாச்சி என்று வைத்துக்கொள்ளலாம். பெருநகரங்களில் இதே வேலையைக் கட்டணம் வாங்கிக்கொண்டு செய்கிறவர்கள் இருக்கிறார்கள். பத்துப் பேரைச் சேர்த்து, ஆளுக்கொரு தண்ணீர் பாட்டிலைக் கையில் கொடுத்து, மூன்று மணி நேரத்தில் ஐந்தாறு கடைகளைக் காட்டி அனுப்பிவிடுவார்கள். சாப்பாட்டு அண்ணாச்சி கட்டணம் வாங்குவதில்லை. அதனால் பாதியில் கழன்றுகொள்ளும் உரிமையும் விருந்தாளிக்கு இல்லை.

இவர் பெரும்பாலும் அறுபதைத் தொட்டவர். வங்கியிலோ மின்வாரியத்திலோ பள்ளிக்கூடத்திலோ வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஸ்கூட்டரின் முன் கொக்கியில் எந்நேரமும் ஒரு துணிப்பை தொங்கும். பத்து வருடமாகச் சர்க்கரை இருக்கிறது. ரத்தக் கொதிப்புக்கும் மாத்திரை உண்டு. எனவே கூட்டிப் போகும் இடத்தில் அவர் அநேகமாக எதையும் சாப்பிடுவதில்லை. எதிரே உட்கார்ந்து, சாப்பிடுகிறவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார். அடுத்தவர் நாக்கைக் கடன் வாங்கிச் சாப்பிடும் இந்தப் பழக்கத்தை மருத்துவர்களும் தடுத்ததில்லை. விருந்தாளிக்கும் அவருக்கும் பெரிய உறவு இருக்க வேண்டும் என்பதில்லை. மருமகனோடு வேலை பார்ப்பவர், ஒரு கல்யாணத்துக்கு வந்துவிட்டு மறுநாள் ரயிலுக்குக் காத்திருப்பவர், யாரானாலும் போதும்.

சுற்று ஆற்றில் தொடங்கும். காலையில் நெல்லை எக்ஸ்பிரஸில் வந்து இறங்கிய பசியோடு இருப்பவரை இவர் நேராக இட்லிக் கடைக்குக் கூட்டிப் போக மாட்டார். பாளையங்கோட்டைக்குப் போகும் வழியில் சுலோசன முதலியார் பாலத்தில் நிறுத்துவார். 1843-இல் திறக்கப்பட்ட பாலம் அது. கச்சேரி உத்தியோகத்தில் இருந்த சுலோசன முதலியார் தன் சொந்தப் பணத்தைப் போட்டுக் கட்டியது. மனைவியின் நகைகளும் அதில் சேர்த்தி என்று ஊரில் சொல்வார்கள். இதைச் சொல்லும்போது அண்ணாச்சியின் குரலில் ஓர் உறவு தட்டும். அவரும் அன்றைய இட்லி, வடை, காபிக்கெல்லாம் சொந்தப் பணத்தைப் போடப் போகிறவர்தானே. பிறகு கையை நீட்டித் தண்ணீரைக் காட்டுவார்.

“எல்லாம் இந்தத் தண்ணிதான் தம்பி. மத்ததெல்லாம் சும்மா.”

தண்ணீர்க் கோட்பாடு இவ்வகையினர் அனைவருக்கும் பொது. தாமிரபரணி பொதிகையில் பிறக்கிறது. தென்மேற்குப் பருவமழையும் வடகிழக்குப் பருவமழையும் அதற்குக் கிடைக்கின்றன. ஆகவே வற்றாத ஆறு. இதுவரை புவியியல். இதற்கு மேல் அண்ணாச்சியின் சொந்தச் சேர்க்கை: அதே கோதுமை, அதே நெய், அதே மாஸ்டரைச் சென்னைக்குக் கொண்டுபோனாலும் அல்வா வராது, களிதான் வரும். இதை எந்த ஆய்வுக்கூடமும் சோதித்துச் சொல்ல அவர் காத்திருக்கவில்லை. ஆற்றில் நகரத்துச் சாக்கடை கலப்பது பற்றி நீதிமன்றம் வரை வழக்குகள் போயிருப்பது அவருக்குத் தெரியும். ஆனால் அவர் பேசுவது பாபநாசத்தில் இறங்கும் தண்ணீரைப் பற்றி. பாலத்துக்கு அடியில் ஓடுவதைப் பற்றியல்ல. அதனால்தான் பேசும்போது மேற்கே பார்த்துக்கொண்டே பேசுகிறார்.

பாலத்தைத் தாண்டியபின் கடைகள் வர வேண்டும். அவர் காட்டுவதில் பாதிக் கடைகள் இப்போது இல்லை. டவுனில் ரத வீதி ஒன்றில் செல்போன் உறை விற்கும் கடையின் முன் ஸ்கூட்டர் நிற்கும். “இங்கனதான் ஒரு ஓட்டல் இருந்துச்சு தம்பி. ரவா தோசைன்னா அது ரவா தோசை. ஓரமெல்லாம் வலை பின்னுன மாதிரி இருக்கும். நடுவுல மட்டும் கொஞ்சம் மெத்துன்னு...” விருந்தாளிக்கு வாயில் நீர் ஊறும். முப்பது வருடத்துக்கு முன் நின்றுபோன தோசைக்கு ஊறிய நீரை என்ன செய்வது என்று தெரியாமல் அவர் விழுங்கிக்கொள்வார். செல்போன் கடைப் பையனுக்கு இது பழகிப் போயிற்று, நிமிர்ந்துகூடப் பார்க்காமல், “அண்ணாச்சி, இவுகளுக்கும் தோசையா?” என்று கேட்டுவிட்டு வேலையைப் பார்ப்பான். திறந்திருக்கும் கடையில் உட்கார்ந்தாலும் நிலைமை பெரிதாக மாறாது. சட்னி முன்ன மாதிரி இல்லை, கை மாறிட்டு, விறகு அடுப்பு போயிட்டு என்று குறைகள் ஒவ்வொன்றாக வரும். குறை முழுவதையும் சொல்லி முடித்துவிட்டு, இன்னும் இரண்டு இட்லி வைக்கச் சொல்வார்.

கல்லூரிகள் நிறைந்த பாளையங்கோட்டையில் இவருடைய வழிகாட்டல் வேறு வகை. 1923-இல் தொடங்கிய தூய சவேரியார் கல்லூரி, அவர் கணக்கில், நல்ல ஆமவடை போடும் ஒரு டீக்கடைக்குப் பக்கத்தில் இருக்கும் கட்டடம்.

இவரது நிலப்படம் தனியாக ஆராயத் தக்கது. 1986-இல் தூத்துக்குடி தனி மாவட்டமாகப் பிரிந்தது. 2019-இல் தென்காசியும் பிரிந்தது. அரசு வெளியிட்ட இந்த இரண்டு அறிவிப்புகளும் அண்ணாச்சி வீட்டு முகவரிக்கு இன்னும் வந்து சேரவில்லை. ஆகவே தூத்துக்குடி மக்ரூன் எங்க ஊர்ப் பண்டம். உடன்குடிக் கருப்பட்டி எங்க ஊர்க் கருப்பட்டி. முதலூர் மஸ்கோத் அல்வாவும், செங்கோட்டைப் பக்கத்துப் பரோட்டாவும், அதைத் தின்னும்போது முகத்தில் அடிக்கும் குற்றாலச் சாரலும் எங்க ஊர்தான். கோவில்பட்டிக் கடலைமிட்டாய்க்கு 2020-இல் புவிசார் குறியீடு கிடைத்தபோது, தங்கச்சி மகன் பரீட்சையில் பாஸானது போலத் தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு போனார். ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பால்கோவாவையும் சாத்தூர்ச் சேவையும் சேர்த்துக்கொள்ள வேண்டிய நெருக்கடி வந்தால், இராமநாதபுரம் மாவட்டத்தை உண்டாக்கிய 1910-க்கும் முன்னால் போய் உட்கார்ந்துகொள்வார். அதற்கு முன்பு அந்தத் தாலுகாக்கள் திருநெல்வேலி ஜில்லாவில் இருந்தவைதாம். சரித்திரத்தில் அவரை மடக்க முடியாது. ஆறும் அவர் கட்சியில்தான் இருக்கிறது. தாமிரபரணி பொதிகையில் பிறந்து புன்னைக்காயலில் கடல் சேர்வது வரைக்கும் 1986 வரை ஒரே மாவட்டத்துக்குள்தான் ஓடியது.

இவ்வளவு அகண்ட ஜில்லாவுக்குள் ஓர் எல்லைக்கோடு மட்டும் உண்டு. சைவ வீட்டில் பிறந்த அண்ணாச்சி பிரியாணிக் கடை வாசலோடு நின்றுவிடுவார். அங்கே விருந்தாளியை மேலப்பாளையத்து நண்பர் ஒருவரிடம் ஒப்படைக்கும் சடங்கு நடக்கும். இருவரும் ஒரே பெஞ்சில் படித்தவர்கள். “பாய், ஒரு மணி நேரம் தம்பியப் பார்த்துக்கிடுங்க” என்று சொல்லிவிட்டு, இவர் எதிர்ப்புறம் நன்னாரி சர்பத்தோடு உட்கார்ந்துகொள்வார். பாய் விளக்கமெல்லாம் சொல்வதில்லை. இலையில் இடம் காலியானால் அதை நிரப்புவார், அவ்வளவுதான். திரும்பி வந்ததும் விசாரணை தொடங்கும். சால்னா கெட்டியா, தண்ணியா? கறி எலும்பிலிருந்து தானா கழண்டுச்சா, இழுக்க வேண்டியிருந்துச்சா? வாழ்நாளில் தொட்டுப் பார்க்காத ஒரு கறியைப் பற்றி இவ்வளவு திடமான அபிப்பிராயங்கள் வைத்திருப்பவரை வேறு ஊர்களில் காண்பது அரிது.

காலையிலிருந்து நடந்ததெல்லாம் மாலை ஐந்து மணிக்கான முன்னேற்பாடு. நெல்லையப்பர் கோயிலுக்கு எதிரே கீழ ரத வீதியில் இருக்கும் இருட்டுக்கடை அந்த நேரத்தை ஒட்டித்தான் திறக்கும். சில மணி நேரத்தில் சரக்குத் தீர்ந்து மூடும். ஒற்றை விளக்கின் மங்கல்தான் கடைக்குப் பெயர் வைத்தது. ராஜஸ்தானிலிருந்து வந்த குடும்பத்தார் 1940 வாக்கில் தொடங்கிய கடை இது. இந்த இடத்தில் விவரம் தெரிந்த விருந்தாளி ஒரு கேள்வி கேட்பதுண்டு. அல்வா என்ற சொல் அரபியிலிருந்து வந்தது. செய்தவர்கள் வடக்கேயிருந்து வந்தவர்கள். கோதுமையோ இந்த மண்ணில் விளைவதில்லை. இறைவனே மழையிலிருந்து நெல்லை வேலி கட்டிக் காத்ததாகத் தலபுராணம் சொல்லும் ஊர் கோதுமையால் பெயர் வாங்கியது எப்படி? அண்ணாச்சி அசைய மாட்டார்.

“தண்ணி யாருது தம்பி?”

வரிசையில் நிற்கும் நேரம் செய்முறை விளக்கத்துக்கு உரியது. சம்பா கோதுமையை ஊறவைத்து ஆட்டிப் பால் எடுக்க வேண்டும். பாலைத் தெளியவிட வேண்டும். சர்க்கரையும் நெய்யும் விட்டு, கை ஓயாமல் மணிக்கணக்கில் கிண்ட வேண்டும். சீனி முறுகித்தான் அந்தச் செம்பழுப்பு நிறம் வருகிறது. இவ்வளவும் அண்ணாச்சிக்கு அத்துப்படி. வீட்டில் அவர் வெந்நீர் வைத்தே யாரும் பார்த்ததில்லை என்பது வேறு விஷயம். கடை முன் வந்ததும் பெட்டி கேட்க விருந்தாளிக்கு அனுமதி இல்லை. முதலில் இலையில் நூறு கிராம் சூடாக. அதைக் கடிக்கக் கூடாது. நாக்கில் வைத்தால் போதும், அது தானாக இறங்கும்.

இப்போது முகம் பார்க்கும் நேரம். நாள் முழுக்க ஸ்கூட்டர் ஓட்டியது இந்த அரை நிமிடத்துக்காக. விருந்தாளி கண்ணை லேசாக மூடித் தலையை ஆட்டினால் அண்ணாச்சியின் தோள்கள் தளரும். “நல்லா இருக்கு” என்று சொன்னால் போதாது. அது சாம்பாருக்குச் சொல்லும் வார்த்தை. “இனிப்பு கொஞ்சம் கூடுதலோ?” என்று கேட்ட ஒருவர் அதற்குப் பிறகு தம்பி என்று அழைக்கப்படவில்லை; சார் ஆகிவிட்டார். அல்வா இறங்கியதும் திகட்டலுக்குப் பக்கத்தில் எங்காவது ஒரு கை மிக்சர் வாங்கிக் கொடுப்பார். தமிழ்நாடு முழுக்க அல்வா கொடுப்பது என்றால் ஏமாற்றுவது என்று பொருள் ஆகிவிட்டதில் இவருக்குத் தீராத வருத்தம். உள்ளங்கையில் நெய் ஒட்ட அல்வா வாங்கிக் கொடுத்தவனை இப்படியா சொல்வார்கள்? பெட்டிக்கு யார் பணம் கொடுப்பது என்ற தள்ளுமுள்ளில் அண்ணாச்சிதான் ஜெயிப்பார். கல்லாவில் இருப்பவர் விருந்தாளியின் நோட்டைக் கண்டுகொள்வதே இல்லை.

ரயிலுக்கு நேரமாகிவிட்டவர்களுக்கு ஜங்ஷன் பஸ் நிலையத்தைச் சுற்றி வழி இருக்கிறது. அங்கே சாந்தி என்ற பெயர் பல பலகைகளில் தெரியும். எது மூலக்கடை என்று மூன்று அண்ணாச்சிகளைக் கேட்டால் மூவரும் வேறு வேறு திசையில் கை காட்டுவார்கள்.

இவ்வகையினருக்கு முன்னோர் உண்டு. வண்ணார்பேட்டையில் வட்டத்தொட்டி கூட்டிய ரசிகமணி டி.கே.சி., 1954-இல் மறையும் வரை, வந்தவர்களுக்குக் கம்பனை ரசிக்கச் சொல்லிக் கொடுத்து, இடையிடையே வயிறாரச் சோறும் போட்டவர். சாப்பாட்டு அண்ணாச்சி கம்பனை விட்டுவிட்டுச் சோற்றை மட்டும் எடுத்துக்கொண்டார். வாரிசும் இல்லாமல் இல்லை: செல்போனைக் கம்பியில் மாட்டிக்கொண்டு, தட்டை முதலில் போனுக்குக் காட்டிவிட்டு, “வேற லெவல்” என்று கத்தும் பையன்கள். ஆறிப்போகும் தோசையைப் பார்க்கச் சகிக்காமல் அண்ணாச்சி அவர்களைத் திட்டுவார். ஆனால் அப்படியொரு காணொளியில், பின்னால் துணிப்பையோடு தான் நிற்பது தெரிகிற நாலு விநாடியை வெட்டிப் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறார்.

இந்தச் சுற்றுலாவில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. அது அவருக்கும் தெரியும். ஊர்ச் சமையலின் நல்ல பகுதி கடைத்தெருவில் இல்லை. தோல் உளுந்து போட்ட உளுந்தஞ்சோறும் அதற்கு எள்ளுத் துவையலும், கூட்டாஞ்சோறு, மறுவீட்டுக்கு வைக்கும் சொதி எல்லாம் வீட்டுச் சாப்பாடு. யாழ்ப்பாணத்தில் இடியாப்பத்துக்கு ஊற்றும் சொதி வேறு. இது சோற்றில் விட்டுப் பிசைவது, பக்கத்தில் இஞ்சித் துவையல் இல்லாமல் இலைக்கு வராது. ஆகவே கடைசியில் ஸ்கூட்டர் வீட்டுக்கே திரும்பும். விருந்தாளிக்கு மூச்சு விடவும் வயிற்றில் இடமில்லாத நேரம் அது. அண்ணாச்சி விளக்கத்தைத் தொடங்குவார்: “தேங்காய்க்கு மூணு பால் எடுக்கணும் தம்பி. முதப் பாலக் கடைசியில ஊத்தி, எலுமிச்சம்பழத்தப் பிழிஞ்சு ஒரு கொதி விட்டு...”

அடுப்படியிலிருந்து குரல் வரும். “கொதிக்கவிட்டா திரிஞ்சு போவும். இறக்கி வச்சப் பொறவுதான் பழம் பிழியணும்.”

அன்றைக்கு முதல் தடவையாக அண்ணாச்சி பேசாமல் இருப்பார். அந்த அம்மா இருட்டுக்கடை வரிசையில் ஒரு நாளும் நின்றதில்லை. காலையில் பாலத்தில் நின்றபடியே அண்ணாச்சி போனில் சொன்னது, “ராத்திரிக்கு ஒரு ஆள் கூட” என்ற மூன்றே வினாடிச் செய்தி. தேங்காய் துருவியது, மூன்று பால் பிழிந்தது, பாசிப்பருப்பு வேகவைத்தது, இஞ்சி அரைத்தது எல்லாம் அதற்குப் பிறகு நடந்தவை. “அவுக சொல்லுதாகன்னு கண்ட கடையிலயும் தின்னுட்டு வந்தியளாக்கும்” என்று சொல்லிக்கொண்டே அவர் இரண்டாவது கரண்டி ஊற்றுவார். வயிற்றில் எங்கிருந்தோ இடம் கிடைக்கும். அந்த நாளில் விருந்தாளி தானாகக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டது இது ஒன்றுதான்.

இப்படி ஒரு நாள் திருநெல்வேலியில் இருந்துவிட்டு ராத்திரி நெல்லை எக்ஸ்பிரஸில் திரும்புகிறவர்கள், டிக்கெட் எடுக்கும்போதே கீழ் பெர்த்தாகப் பார்த்து எடுத்துக்கொள்வது நல்லது.