இன்ஸ்பெக்டர் சமைக்கிறார்

அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி வட்டாரத்தில் ஞாயிற்றுக்கிழமை காலை கறிக்கடைக்கு வருகிறவர்களில் ஒருவரை மட்டும் தூரத்திலிருந்தே அடையாளம் கண்டுகொள்ளலாம். மற்றவர்கள் கையில் மஞ்சப்பையோ தூக்குச்சட்டியோ இருக்கும். இவர் கையில் மொபைல். அதில் தாடிக்கார வெள்ளைக்காரர் ஒருவர் கறியைத் தட்டித் தட்டிப் பேசிக்கொண்டிருப்பார். அக்கம்பக்கத்தில் இவருக்கு 'ஃபியூஷன் சார்' என்று பெயர். தெருவுக்கு ஒருவராவது இருக்கிறார்.

வாரத்தில் ஆறு நாள் சார் அம்பத்தூர் எஸ்டேட்டில் குவாலிட்டி இன்ஸ்பெக்டர். லேத்திலும் சி.என்.சி.யிலும் யாரோ கடைந்து தரும் பீஸை வெர்னியரில் அளந்து, 'ஓகே', 'ரீவொர்க்', 'ரிஜெக்ட்' என்று ஏதாவது ஒன்றை எழுதிக் கையெழுத்துப் போடுவது அவர் வேலை. ஒரு பீஸையும் அவர் கடைந்ததில்லை. ஏழாம் நாள் அந்தக் கை சமையலறையைத் தேடுகிறது.

"பிரியாணிக்கா சார், சுக்காவுக்கா?"

"ஸ்டேக்குக்கு பாய். அண்டர்கட் இருக்கா?"

"அதெல்லாம் ஓட்டல்காரங்க விடியறதுக்குள்ள தூக்கிட்டுப் போயிட்டாங்க. தொடைக்கறி தரட்டுமா?"

"குடுங்க. ஆனா துண்டு போடாதீங்க. முழுசா, இருபத்தஞ்சு எம்.எம். தடிமன்."

பாயின் கத்தி அந்தரத்தில் நிற்கிறது. "துண்டு போடாம எப்படி சார் வேகும்?"

"வேகக் கூடாது பாய்."

பாய் பதில் சொல்வதில்லை. அடுத்து நிற்பவரைப் பார்த்துப் புருவத்தைத் தூக்குவதோடு சரி.

வீட்டில் வெர்னியர் வெளியே வருகிறது. ஒரு பக்கம் இருபத்தாறு, மறுபக்கம் இருபத்துமூன்று. "டாலரன்ஸ்ல இல்லையே" என்று சார் முணுமுணுக்க, "அது செத்த மாடுங்க, இனிமே திருந்தாது" என்கிறார் மனைவி.

ஃபியூஷன் முழுவதும் ஊறவைக்கும் கலவையில் இருக்கிறது. சோயா சாஸ், புளிக்கரைசல், தட்டிய கருப்பட்டி, இடித்த மிளகு, இஞ்சி, பூண்டு. வெள்ளைக்காரர் போடும் ரோஸ்மேரிக்குப் பதில் கறிவேப்பிலை. பப்பாளிக்காய் மட்டும் இந்தத் தடவை கிடையாது. போன தடவை அதை அரைத்துத் தடவி ராத்திரி முழுக்க ஊறவிட்டார். பப்பாளிக்காயில் உள்ள பப்பைன் கறியின் புரதத்தை அறுக்கும். ஆனால் தடவிய கலவை சில மில்லிமீட்டருக்கு மேல் உள்ளே இறங்காது. காலையில் பார்த்தால் மேலே கூழ், நடுவில் கட்டை. 'ரிஜெக்ட்' என்று எழுதாத குறையாகத் தெருநாய்க்குப் போனது. நாய் ஃபியூஷனை ஏற்றுக்கொண்டது.

அடுத்த சிக்கல் பாத்திரம். ஸ்டேக்குக்குக் கனமான வார்ப்பிரும்புச் சட்டி வேண்டும். ஆன்லைனில் விலையைப் பார்த்த சாருக்கு அம்மாவின் தோசைக்கல் ஞாபகம் வருகிறது. வருஷக்கணக்காக எண்ணெய் குடித்துப் பழகிய அசல் வார்ப்பிரும்பு.

"டேய், அதுல கறியப் போட்டா நாளைக்குத் தோசை எழும்புமாடா?"

"இது மெயிலார்ட் ரியாக்‌ஷன்மா. 1912-லயே ஒரு பிரெஞ்சுக்காரர் கண்டுபிடிச்சது."

"அவரு வீட்டுத் தோசைக்கல்லுல கண்டுபிடிச்சிருப்பாரு."

கல் காய்கிறது. கறி விழுந்த சத்தத்தில் ஹாலில் டி.வி. கேட்கவில்லை. புகையில் ஹாலே தெரியவில்லை. கீழ் போர்ஷன்காரர் வயர் எரிகிறதென்று மெயினை அணைத்துவிட்டு மேலே ஓடிவருகிறார். அந்த இருட்டிலும் சார் கடமை தவறுவதில்லை. டிஜிட்டல் தெர்மாமீட்டரைக் கறியில் செருகுகிறார்.

"கறிக்கு என்னடா, ஜுரமா?"

"அம்பத்தேழு டிகிரிம்மா. மீடியம் ரேர். கரெக்டா இருக்கு."

"ரத்தம் வடியுதேடா!"

"அது ரத்தமில்லம்மா, மயோகுளோபின்."

சார் சொல்வது உண்மைதான். தசையில் ஆக்சிஜனைப் பிடித்துவைக்கும் புரதம் அது. "பேரு வச்சா வெந்துடுமா?" என்று அம்மா கேட்டதும் நியாயம்தான்.

பிறகு ரெஸ்டிங். சுட்ட கறியைப் பத்து நிமிஷம் ஃபாயிலில் மூடி வைத்தால்தான் சாறு உள்ளேயே தங்கும் என்பது வெள்ளைக்காரர் வாக்கு. அதற்குத் துணையாக சாரும் சோபாவில் சாய்ந்துவிடுகிறார். சிங்க்கில் ஏழு கிண்ணம், மூன்று கரண்டி, ஒரு வெர்னியர்.

விருந்தாளி மனைவியின் அண்ணன். ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலையில் வேலை. விஜயந்தா தொடங்கி அர்ஜுன் வரை ராணுவ டாங்கிகள் பிறந்த இடம். ஒரு துண்டை வாயில் போடுகிறார். மெல்லுகிறார். இந்தப் பக்கத்துத் தாடையிலிருந்து அந்தப் பக்கத்துக்கு மாற்றி மெல்லுகிறார். தண்ணீர் குடிக்கிறார்.

"மாப்ள, தப்பா நினைக்காதீங்க. கவசத்துக்கு இந்த மாதிரி பிளேட்டுதான் எங்காளுங்க தேடிட்டிருக்காங்க."

கறியைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. அமெரிக்க ஸ்டேக் மாடு கொட்டிலில் நின்று தானியம் தின்று, தசைக்குள்ளேயே கொழுப்பு ஓட வளர்ந்தது. நம்மூர் மாடோ எருமையோ நடந்து திரிந்து, பல நேரம் உழைத்தும் முடித்துத்தான் பாய் கடைக்கு வருகிறது. அதன் தொடையில் கொழுப்பு கொஞ்சம், நார் அதிகம். ஈரச் சூட்டில் நெடுநேரம் வெந்தால்தான் அந்த நார் இளகி ஜெலட்டினாகும். அம்பத்தேழு டிகிரிக்கெல்லாம் அசையாது. நம்மூரில் சுக்காவும் சாப்ஸும் வேரூன்றியது சும்மா இல்லை. இந்தக் கணக்கை சாரின் மனைவி விசிலில் வைத்திருக்கிறார்.

ஒரு வார்த்தை பேசாமல் தட்டுகளைத் திரும்ப வாங்கிக்கொண்டு உள்ளே போகிறார். துண்டு போடும் சத்தம், சின்ன வெங்காயம் வதங்கும் வாசனை, பிறகு குக்கர். ஆறாவது விசிலில் கீழ் போர்ஷன்காரரும் பரோட்டாப் பொட்டலத்தோடு வந்து உட்கார்ந்துவிடுகிறார். கருப்பட்டியும் புளியும் மிளகும் கறிக்குள் இறங்கிய அந்தச் சுக்காவைப் பற்றிக் குறை சொல்ல யாருக்கும் வாயில் இடமில்லை.

"பிரமாதம் மாப்ள! யாரு கைவண்ணம்?"

சார் தொண்டையைச் செருமிக்கொள்கிறார். "முதல்ல குக் பண்ணிட்டுக் கடைசியில கல்லுல போட்டா ரிவர்ஸ் சியர். நான் அதையே ரிவர்ஸ் பண்ணிட்டேன் மச்சான். மாரினேஷன் நம்மளுது."

"ஏங்க," சமையலறையிலிருந்து குரல், "சிங்க்ல கிடக்கறதும் உங்களுதுதான். வந்து ஒரு கையெழுத்துப் போட்டுட்டுத் தேய்ங்க."