வண்டி என்னது, மணல் யாரோடதோ

கொள்ளிடக் கரையோர ஊர்களில், காவல் நிலையத்தை ஒட்டி வரிசையாக நிற்கும் டிப்பர்களுக்கு நடுவே ஒருவர் உலாத்திக்கொண்டிருப்பார். வெள்ளை வேட்டி, சட்டைப் பையில் நாலாக மடித்த ஆர்.சி. நகல். நம் டிப்பர் அண்ணன்தான். வண்டி பிடிபட்டதிலிருந்து காலையும் மாலையும் ஆஜர். டயரை உதைத்துப் பார்ப்பார், டீசல் டேங்க் மூடியைத் திறந்து மோந்து பார்ப்பார். குனிந்து பேட்டரியைத் தேடுவார். அது இல்லாவிட்டால் எங்கே போய்ப் புகார் கொடுப்பது? புகார் வாங்குகிற இடத்திலேயே அல்லவா காணோம்!

வண்டிக்காக இப்படி உருகுகிறவர், மணல் என்றால் வாய்க்குப் பூட்டுதான். ராத்திரி இரண்டு மணிக்கு, நடைச்சீட்டு இல்லாமல், மூன்று யூனிட் ஆற்று மணல் எப்படி ஏறியது? "டிரைவர் பய பண்ணின வேலை சார், எனக்கு எதுவுமே தெரியாது." முதல் தகவல் அறிக்கைப்படி டிரைவர் வண்டியை நிறுத்திவிட்டு இருட்டில் ஓடி மறைந்தவர். கோர்ட்டுக்கு எதிர்க்கடையில், அண்ணன் கணக்கில் பரோட்டாவுக்குச் சால்னா கேட்டுக்கொண்டிருப்பவரும் அவரேதான்.

வண்டியைத் திரும்பக் கேட்டுக் கோர்ட்டில் போடும் மனுவில் அண்ணன் வேறு ஆள். ஊரில் மூன்று டிப்பர், ஒரு பொக்லைன். மனுவில் "மேற்படி வாகனமே மனுதாரரின் ஒரே வாழ்வாதாரம்". வெயிலிலும் மழையிலும் கிடந்து வாகனம் துருப்பிடித்து வருகிறது என்ற வரி இல்லாமல் எந்தக் குமாஸ்தாவும் டைப் அடிப்பதில்லை. அது மட்டும் சத்தியம். இன்ஜின் வழியாக வேப்பங்கன்று தலைநீட்டிய லாரியை நானே பார்த்திருக்கிறேன்.

ஒரே வாரத்தில் அண்ணன் பாதி வக்கீல். "நானூத்தி ஐம்பத்தொண்ணு போட்டாச்சு" என்பார். வண்டியைத் திரும்பக் கேட்க உதவும் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டப் பிரிவு அது; 2024 ஜூலை முதல் புதுச் சட்டத்தில் 497 என்று சொன்னால், "அதையும் சேர்த்துப் போடச் சொல்றேன்" என்பார். அடுத்து, "நமக்கு சுந்தர் பாய் இருக்காரு." எந்தப் பள்ளிவாசல் தெரு பாய் என்று டீக்கடையே யோசிக்கும். அவர் குஜராத்தின் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய். பிடித்த வண்டிகளை ஸ்டேஷனில் காலகாலத்துக்கும் போட்டுவைக்காமல், தக்க பிணை வாங்கிக்கொண்டு ஒப்படைக்கச் சொல்லி 2002-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது அந்த வழக்கில்தான். கைப்பற்றிய பொருளைக் கையாடியதாகப் போலீஸ்காரர்கள் மேலேயே வந்த வழக்கு அது! இதைச் சொன்னதும் அண்ணனுக்குப் பேட்டரி ஞாபகம் வந்து கண் கலங்கிவிட்டது.

அரசு வக்கீல் எழுந்து 1957-ஆம் ஆண்டின் கனிமச் சட்டத்தைப் புரட்டி, வண்டியை அரசுடைமையே ஆக்கலாம் என்று 21-ஆம் பிரிவைப் படிக்கும்போது அண்ணன் முகத்தைப் பார்க்கச் சகிக்காது. நல்லவேளை, நிபந்தனையோடு உத்தரவு வந்துவிடும். இரண்டு ஜாமீன்தாரர், அசல் ஆர்.சி. கோர்ட்டில், விற்கக் கூடாது, உருவத்தை மாற்றக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். இதுவரை செய்யவே செய்யாத அண்ணன், இனிமேல் செய்யமாட்டேன் என்றும் எழுதிக் கொடுப்பார்.

வண்டி எடுக்கிற அன்று மாலை, கற்பூரம், சக்கரங்களுக்கெல்லாம் எலுமிச்சம்பழம். சாவியை வாங்கி இடுப்பில் செருகியவர், சுவரோரம் கொட்டிவைத்திருந்த மணலை ஒரு நோட்டம் விட்டார்.

"மூணு யூனிட்டுன்னுல்ல எழுதுனீங்க ஏட்டய்யா? இதைப் பார்த்தா ரெண்டரைகூடத் தேறாது போலிருக்கே!"