லயத்துத் தெள்ளுப்பூச்சி: முழங்காலுக்குக் கீழான ஓர் ஆய்வு

1. ஆய்வின் தேவை

கோலசிலாங்கூரைப் பற்றி எழுதுகிறவர்கள் கம்போங் குவாந்தான் மின்மினியையும் புக்கிட் மெலாவாத்திக் குரங்கையும் தாண்டுவதில்லை. புக்கிட் ரோத்தான், ஈஜோக், பெஸ்தாரி ஜெயா பக்கத்துத் தோட்டங்களின் லயங்களில் (வரிசை வீடுகளில்) மனிதரோடு இவற்றைவிட நெருங்கிப் பழகும் தெள்ளுப்பூச்சியை எவரும் படம் பிடிக்க வருவதில்லை. அந்த அநீதியைப் போக்கவே இவ்வாய்வு.

2. முன்னோர் ஆய்வுகள்

1665இல் ராபர்ட் ஹூக் இப்பூச்சியை உருப்பெருக்கியில் பார்த்துப் பெரிதாகப் படம் வரைந்தார். 1898இல் கராச்சியில் பால் லூயி சிமோன், எலியின் தெள்ளுப்பூச்சி பிளேக்கைப் பரப்புவதைக் காட்டினார். இருவரும் லயத்தில் குடியிருந்ததில்லை. ஆகவே ‘இது யார் வீட்டுப் பூச்சி?’ என்ற மூலக்கேள்வியைத் தொடாமலே போய்விட்டார்கள்.

3. அடுத்த வீட்டுக் கோட்பாடு

முதல் வீட்டார் இரண்டாம் வீட்டைக் கைகாட்டுவர். இரண்டாம் வீட்டார் மூன்றாம் வீட்டை. கடைசி வீட்டாருக்கு அடுத்த வீடு இல்லாததால் மேனேஜர் பங்களா நாயைக் காட்டுவர். இக்கோட்பாட்டின்படி எந்த வீட்டிலும் பூச்சி இல்லை. எல்லார் காலிலும் தடிப்பு மட்டும் உண்டு.

4. ஆய்வுமுறை

வெள்ளைக் காலுறை மாட்டிக்கொண்டு, நிழலான ஓரங்களில் மெல்ல நடக்க வேண்டும். கரும்புள்ளி ஒன்று குதித்து ஏறினால் தரவு கிடைத்தது. பள்ளிப்பிள்ளையின் காலுறையே உத்தமம். பிள்ளையின் தாயாரிடம் முன்அனுமதி பெறுவது ஆய்வறம்.

5. கண்டறிந்தவை

பெண்பூச்சி நாளொன்றுக்கு 40, 50 முட்டை வரை இடும். அவை நாயின் உடம்பில் ஒட்டாது. நாய் உதறும் இடமெல்லாம் உதிரும். புழுக்கள் வெயிலுக்கு ஒளிந்து, ஈர நிழலில் பூச்சியின் காய்ந்த இரத்த எச்சத்தைத் தின்று வளரும். பிறகு மண்துகள் ஒட்டிய கூட்டுக்குள் மாதக்கணக்கில்கூடக் காத்திருந்து, காலடி அதிர்வும் உடற்சூடும் பட்டதும் வெளிவரும். பூட்டிக் கிடந்த வீட்டுக்குத் தீபாவளிக்கு வருகிறவர்களை முதலில் வரவேற்பது இவைதான். நாய்மேல் நாம் காண்பது மொத்தக் குடும்பத்தில் சுமார் 5 விழுக்காடு. நாயை உதைப்பதன் பலன் அதைவிடக் குறைவு.

6. பரிகாரம்

வெயில் விழும் நடுவாசலை விட்டுவிடலாம். படிக்கட்டின் அடி, வாழைப்புதர், நாய் பறித்த குழி, இவையே களம். புல்லை வெட்டி, சருகை வாரி, வெயிலை உள்ளே விடுங்கள். நாய் படுக்கும் சாக்கை வெந்நீரில் துவையுங்கள். பைரிப்ராக்ஸிஃபென் கலந்த மருந்தை நிழலிடங்களில் தெளித்தால் புழு பூச்சியாக வளராது. கூட்டுக்குள் இருப்பது தப்பிவிடும் என்பதால் இரண்டு வாரம் கழித்து மறுபடி பாருங்கள். நாய் பூனைகளுக்குக் கால்நடை மருத்துவர் சொல்லும் மருந்தையும் அதே வாரத்தில் போடுங்கள். நாய்க்கான பெர்மெத்ரின் மருந்தைப் பூனைக்குப் போட்டால் பூனை செத்தும் போகலாம்.

7. முடிவு

ஒரு வீடு மட்டும் செய்தால் பயனில்லை. லயத்து நாய்க்கு வீட்டு எண் தெரியாது. ஆகவே, யார் வீட்டுப் பூச்சி என்ற வழக்கைத் திங்கட்கிழமைக்கு ஒத்திவைத்துவிட்டு, ஞாயிறு காலை எல்லா வீட்டாரும் விளக்குமாற்றோடு வாசலுக்கு வரவும்.